உட்காரக் கூடாத குகை

படகிலிருந்து இறங்கும் எல்லோரிடமும் பிரிஸ்கா மூன்று விதிகளைச் சொல்வாள். தலைக்கவசத்தைக் கழற்றக் கூடாது. கயிற்றுக்கு அந்தப் பக்கம் போகக் கூடாது. குகைக்குள் எங்கேயும் உட்காரக் கூடாது.

முதல் இரண்டுக்கும் யாரும் காரணம் கேட்டதில்லை. மூன்றாவதைக் கேட்டதும் முட்டிவலிக்காரர்கள் முகம் சுளிப்பார்கள். "ஈரமா இருக்கும், துணி கெட்டுரும்" என்பாள் பிரிஸ்கா. பயிற்சியின்போது அவளுக்கும் அப்படித்தான் சொல்லிக் கொடுத்திருந்தார்கள்.

அன்று வந்தவர்கள் பன்னிரண்டு பேர். கோயம்புத்தூரிலிருந்து ஒரே குடும்பத்தைச் சேர்ந்த எட்டுப் பேர், புதிதாகக் கல்யாணமான ஒரு ஜோடி, சண்முகவேல் என்ற ஓய்வுபெற்ற பேருந்து நடத்துநர், அப்புறம் தனியாக வந்த ஒரு பெண். அவர் பெயர் உமையாள் என்று பதிவேட்டில் இருந்தது. நாற்பத்தைந்து வயதிருக்கும். மற்றவர்கள் படகிலேயே படம் எடுக்கத் தொடங்கியிருந்தார்கள். அவர் மட்டும் மலையடிவாரத்தில் வரிசையாகத் தெரிந்த தகரக் கூரைகளையே பார்த்துக்கொண்டு வந்தார்.

"அங்க எத்தனை வீடு?" என்று பிரிஸ்காவிடம் கேட்டார்.

"இருநூத்தி ஆறு. எங்க வீடும் அங்கதான். கீழ்க்குடா."

"எப்ப வந்தீங்க?"

"ஒம்பது வருசமாச்சு. தூத்துக்குடிக்குத் தெக்க பனிமாதாபட்டினம்னு எங்க ஊரு. இப்ப அது கடலுக்குள்ள இருக்கு. கம்பெனிதான் வீடும் வேலையும் குடுத்து இங்க கூட்டியாந்தாங்க."

அந்தமான் கடலில் இருக்கும் அந்தச் சின்னத் தீவுக்குப் புகைமலை என்று பெயர். மலை கடைசியாகப் புகைந்து அறுபது வருடங்கள் ஆகியிருந்தன. இப்போது மற்ற ஊர்களின் புகைதான் அங்கே வந்துகொண்டிருந்தது. நிலப்பகுதியின் சிமெண்டு ஆலைகளும் இரும்பு ஆலைகளும் விடும் புகையிலிருந்து கரிக்காற்றை, அதாவது கார்பன் டை ஆக்சைடைப் பிரித்து, அழுத்தித் திரவமாக்கி, கப்பலில் கொண்டுவருவார்கள். நீலமேகம் சேமிப்பு நிறுவனம் அதைக் கடல்தண்ணீரோடு கலந்து, ஆழமான கிணறுகள் வழியாக எரிமலைப் பாறைக்குள் செலுத்தும். அந்தக் கரும்பாறையோடு சேர்ந்தால் கரிக்காற்று இரண்டு வருடத்தில் வெள்ளைக் கல்லாகிவிடும். "புகையைக் கல்லாக்குகிறோம்" என்று துறைமேடையில் பெரிய பலகை இருந்தது. அதைப் பார்க்க வருகிறவர்களுக்குப் படகு, சாப்பாடு, வழிகாட்டி எல்லாமே இலவசம்.

கடல் வற்றும் நேரம் பார்த்து முதலில் கடற்குகைக்குப் போனார்கள். துடுப்புப் படகு உள்ளே நுழைந்ததும் கோயம்புத்தூர்க் குழந்தைகள் பேச்சை நிறுத்தினார்கள். கட்டிவைத்த கழிகளைப்போலக் கரும்பாறைத் தூண்கள் இருபுறமும் நின்றன. வெளிச்சம் தண்ணீருக்கு அடியிலிருந்து வந்தது. குகையின் கடைசியில் ஆழமில்லாத இடத்தில் மணலுக்குள்ளிருந்து மெல்லிய நூல்களாகக் குமிழிகள் எழுந்துகொண்டிருந்தன.

"இதுதான் கடல் மூச்சுவிடுற இடம்" என்று பிரிஸ்கா மனப்பாடமாகச் சொன்னாள்.

"எத்தனை வருஷமா விடுது?" என்றார் உமையாள்.

பிரிஸ்கா யோசித்தாள். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அப்படி ஒரு இடத்தை அவள் காட்டியதில்லை. "ஒரு ஒண்ணரை வருசமா இருக்கும் மேடம்."

உமையாள் கையை நீட்டி அந்தத் தண்ணீரில் கொஞ்சத்தை ஒரு சின்னப் புட்டியில் பிடித்து மூடினார். நினைவுக்கு எடுத்துப் போகிறார் என்று பிரிஸ்கா நினைத்துக்கொண்டாள். கல்லும் சிப்பியும் எடுத்துப் போகிறவர்களை அவள் நிறையப் பார்த்திருக்கிறாள்.

பதினொரு மணிக்கு மலைமேல் நெருப்புக் குகையை அடைந்தார்கள். மலை எப்போதோ கக்கிய குழம்பு ஆறாக ஓடி, அதன் மேல்தோல் இறுகியபின் உள்ளே இருந்தது வழிந்து வெளியேறியதால் உண்டான நீளமான சுரங்கம் அது. வாயிலிருந்து நூற்று நாற்பது இரும்புப் படிகள் இறங்கினால் பெரிய மண்டபம் வரும். ஒரு தேவாலயமே உள்ளே அடங்கும். சுவரில் குழம்பு ஓடிய வரிகள் அலை அலையாகத் தெரியும். நடுநடுவே பாறை வெடிப்புகளில் வெள்ளைக் கல் பாய்ந்திருக்கும். அந்த வெள்ளைக் கல்லைத் தொட்டுப் பார்க்கத்தான் எல்லோரும் வருவார்கள்.

மண்டபத்தின் வலதுபுறம் ஒரு வளைவு. அதைக் கடக்கும்போது பிரிஸ்கா யாருக்கும் தெரியாமல் நெற்றியில் சிலுவை போட்டுக்கொள்வாள். அவளுடைய அண்ணன் மரியசெல்வம் இதே குகையில் வழிகாட்டியாக இருந்தவன். இரண்டு வருடங்களுக்கு முன் ஒரு காலையில், ஆட்கள் வருவதற்கு முன்னால் விளக்குகளைச் சரிபார்க்க இறங்கியவன் திரும்பி வரவில்லை. அந்த வளைவில் முழந்தாளிட்டு, நெற்றியைச் சுவரில் வைத்தபடி செத்திருந்தான். மாரடைப்பு என்றார்கள். ஜெபம் செய்யும்போதே ஆண்டவர் எடுத்துக்கொண்டார், இப்படி ஒரு சாவு யாருக்கு வாய்க்கும் என்று பங்குச் சாமியார் பூசையில் சொன்னார். அவர்கள் அம்மா அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் எழுந்து நடமாடினாள். அவனுடைய வேலையைக் கம்பெனி பிரிஸ்காவுக்குக் கொடுத்தது.

அன்று வந்தவர்களுக்கு அவள் வெள்ளைக் கல்லைப் பற்றி விளக்கிக்கொண்டிருந்தபோது, உமையாள் கூட்டத்தை விட்டு விலகி நின்றார். பையிலிருந்து மெல்லிய ரப்பர் குழாய் ஒன்றை எடுத்துத் தரைவரை தொங்கவிட்டார். அதன் மறுமுனையில் மாட்டுக்கு ஊசி போடும் அளவுக்குப் பெரிய ஊசிக்குழல். கீழே இருந்த காற்றை அதில் உறிஞ்சி, தெளிந்த நீர் இருந்த ஒரு கண்ணாடிப் புட்டிக்குள் குமிழ் குமிழாக விட்டார். நீர் பால்போல வெளுத்தது.

"மேடம், அது என்னது?" என்று பிரிஸ்கா கேட்டாள்.

அவர் பதில் சொல்வதற்குள் பின்னாலிருந்து யாரோ "கண்ணாடி, கண்ணாடி" என்றார்கள். சண்முகவேலின் மூக்குக்கண்ணாடி கீழே விழுந்துவிட்டது. அவர் அதை எடுக்கக் குனிந்தார். கை தரையில் துழாவியது. ஒரு முட்டியை ஊன்றினார், பிறகு மற்றதையும். அப்படியே இருந்தார்.

பிரிஸ்கா இரண்டு எட்டில் அவரை அடைந்தாள். சட்டைக் காலரைப் பிடித்துத் தூக்கினாள். தூக்கக் குனிந்தபோது அவள் மூக்கில் ஒரு காரம் ஏறியது. சோடா குடித்து ஏப்பம் விட்டால் மூக்கில் குத்துமே, அதே காரம். நெஞ்சு படபடவென்று அடித்தது. "நிமிருங்க, நிமிர்ந்து நில்லுங்க" என்று உமையாள் கத்தினார். புது மாப்பிள்ளை ஓடிவந்து அவருடைய இடுப்பைப் பிடித்தான். மூவரும் சேர்ந்து அவரைப் படியில் ஏற்றினார்கள். இருபது படி ஏறியதும் அவர் பெரிதாக மூச்சிழுத்து, தண்ணீரிலிருந்து எடுத்தவர்போல இருமினார்.

"காலைல சாப்பிடலம்மா. அதான் தலை சுத்திருச்சு" என்றார். அவருக்கு வெட்கமாக இருந்தது. "கண்ணாடி அங்கேயே கிடக்கட்டும். பழசுதான்."

மலைமேட்டில் காற்று நன்றாக வீசும் இடத்தில் சாப்பாட்டுக் கொட்டகை போட்டிருந்தார்கள். சண்முகவேல் இரண்டு பொட்டலம் சாப்பிட்டுவிட்டுக் கோயம்புத்தூர்க்காரர்களோடு பேசிச் சிரித்துக்கொண்டிருந்தார். உமையாள் மட்டும் தன் பொட்டலத்தைப் பிரிக்கவில்லை. பிரிஸ்கா போய் அவர் எதிரில் நின்றாள்.

"அந்தப் புட்டியில என்ன இருந்துச்சு?"

"சுண்ணாம்புத் தண்ணி. பள்ளிக்கூடத்துல செஞ்சிருப்பீங்களே. குழாய் வெச்சு ஊதினா வெளுத்துப் போகும்."

"ஆமா. நாம விடுத மூச்சு பட்டு."

"அதே காத்துதான். அங்க தரையில நிறைய இருக்கு. சாதாரணக் காத்தை விட அது கனம். தண்ணி மாதிரி பள்ளத்துல தேங்கும். உங்க முட்டிக்கு மேல வரைக்கும் தேங்கி நிக்குது. அந்தப் பெரியவர் குனிஞ்சப்போ அதுக்குள்ள முங்கிட்டார். இன்னும் ரெண்டு நிமிஷம் விட்டிருந்தா எழுந்திருக்க மாட்டார்."

பிரிஸ்கா தன் முட்டியைப் பார்த்தாள்.

"கல்லாயிரும்னுதான சொன்னாங்க" என்றாள்.

"ஆச்சு. முதல் ஆறேழு வருஷம் நிஜமாவே ஆச்சு. பாறையில சின்னச் சின்னத் துளை இருக்கு. அதுக்குள்ளதான் கல்லா மாறும். மாற மாறத் துளை அடைஞ்சு போயிடும். அதுக்கு அப்புறமும் கப்பல் வந்துட்டேதானே இருக்கு? உள்ள இடமில்லாதது வெடிப்பு தேடி மேல வருது. கடற்குகையில குமிழி பாத்தோமே, அதுவும் அதுதான்."

"எங்கண்ணன் அந்த வளைவுலதான் செத்துக் கெடந்தான்" என்றாள் பிரிஸ்கா. "முட்டி போட்டு இருந்தான். ஜெபம் பண்ணிட்டிருந்தான்னு சொன்னாங்க."

உமையாள் அவளை நிமிர்ந்து பார்த்தார். "எப்ப?"

"ரெண்டு வருசம் முந்தி. ஆகஸ்டு மாசம்."

"எத்தனை மணி?"

"காலைல எட்டு மணி இருக்கும். ஆளுக வர்றதுக்கு முன்னாடி. வெளக்கு பாக்கப் போனான்."

"அப்ப சுற்றுலா நேரம் இல்ல. தவிர, ஊழியர்" என்று உமையாள் தனக்குத்தானே சொல்வதுபோலச் சொன்னார். பிறகு, "என் கோப்புல இந்தத் தீவுல ஒரு சாவுகூட இல்ல" என்றார்.

"உங்க கோப்பா?"

உமையாள் சாப்பாட்டுப் பொட்டலத்தைத் தள்ளிவைத்தார். காரைக்குடிப் பக்கத்துக்காரர் அவர். வேதியியல் படித்தவர். நிலப்பகுதியில், சேமிப்பு இடங்களுக்குப் பாதுகாப்புச் சான்று தரும் குழுவில் ஆறு வருடங்களாக இருந்தவர். புகைமலையின் சான்றிதழில் ஒவ்வொரு வருடமும் அவர் கையெழுத்து இருந்தது. இன்றைக்கு முன்னால் ஒருநாளும் இந்தத் தீவுக்கு அவர் வந்ததில்லை.

"பாக்காமலே கையெழுத்துப் போட்டீங்களா?"

"பாக்கணும்னு விதி இல்ல. முன்னாடி குகைக்குள்ள கருவி வெச்சிருந்தாங்க. புளிச்ச ஈரத்துல அதெல்லாம் துருப்பிடிச்சுப் போச்சு. பொய்யா மணியடிக்குது, வேலை நிக்குதுன்னு புகார். அப்பதான் ஒருத்தர் ஒரு யோசனை சொன்னார். எல்லாருக்கும் பிடிச்ச யோசனை. ஒரு இடத்துல பொதுஜனங்க வருஷத்துக்கு முந்நூறு நாள் நடமாடுறாங்க, யாருக்கும் ஒண்ணும் ஆகலன்னா, அந்த இடம் பாதுகாப்பானது. கருவி வேண்டாம். ஆள் நடமாட்டமே சான்று."

"அதுக்குத்தான் சுற்றுலாவா?"

"அதுக்குத்தான் இலவசம்."

கொட்டகையின் மறுபக்கம் கோயம்புத்தூர்க் குழந்தை ஒன்று மோர் கேட்டு அழுதது. பிரிஸ்கா போய் ஒரு தம்ளர் மோர் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தாள். அந்த இடைவெளியில் அவளுக்குத் தன் அண்ணனின் நெற்றி நினைவுக்கு வந்தது. சுவரில் உரசி, தோல் உரிந்திருந்தது. எழுந்திருக்க முயன்றிருக்கிறான்.

"கணக்குல எங்கண்ணன் ஏன் வரல?"

"பொதுஜனங்களுக்கு ஏதாவது ஆனாத்தான் பட்டியல்ல வரும். ஊழியர் அதுல வர மாட்டாங்க. இன்னைக்கு அந்தப் பெரியவர் அங்கயே போயிருந்தா வந்திருப்பார்." உமையாள் குரல் தணிந்தது. "போன மாசம் கிணத்து அறிக்கையில ஒரு எண் சரியில்லன்னு பட்டுது. கேட்டேன். உங்களுக்கு உடம்பு சரியில்ல, ஓய்வெடுங்கன்னு கடிதம் குடுத்தாங்க. அதான் நானே இலவசச் சீட்டு போட்டு வந்தேன். காலையில உங்க பதிவேட்டுல கையெழுத்துப் போட்டப்பதான் உறைச்சுது. இன்னைக்குப் பன்னிரண்டு பேர் பத்திரமா வந்துட்டுப் போனாங்கன்னு எழுதுவாங்க. அதுல நானும் ஒருத்தி."

"எழுதுங்க மேடம். நிப்பாட்டச் சொல்லி எழுதுங்க."

"எழுதுவேன். கண்டிப்பா எழுதுவேன்." அவர் கடலைப் பார்த்தார். "ஆனா உங்ககிட்டப் பொய் சொல்ல மாட்டேன். என் கையெழுத்து இல்லன்னா இன்னொருத்தர் கையெழுத்து. அப்படியே நிறுத்தினாலும் உள்ள இறக்கினது உள்ளயே இருக்காது. முப்பது நாப்பது வருஷம் மேல வந்துட்டேதான் இருக்கும். மண்டபம் நிறைஞ்சா குகை வாயால வழியும். வழிஞ்சா கீழதான் போகும்."

கீழே தகரக் கூரைகள் வெயிலில் மின்னின. பிரிஸ்கா அந்தப் பக்கம் திரும்பவில்லை.

"எப்ப?"

"தெரியல. காத்து அடிக்கிற நாள்ல ஒண்ணும் ஆகாது. காத்தே இல்லாத நாள் ஒண்ணு வரணும். அவ்வளவுதான்."

மூன்று மணிக்கு அவர்களைப் படகேற்றிவிட்டாள். சண்முகவேல் கண்ணாடி இல்லாமல் கண்ணைச் சுருக்கிக்கொண்டு அவள் கையைப் பிடித்து, "நீ நல்லாருக்கணும் தாயி" என்றார். படகு திரும்பும்போது உமையாள் ஒருமுறை எழுந்து நின்றார். படகோட்டி உட்காரச் சொன்னதும் உட்கார்ந்துவிட்டார்.

பிரிஸ்கா நேராக அலுவலகத்துக்குப் போனாள். தீவின் மேலாளர் ஞானராஜும் பனிமாதாபட்டினத்துக்காரர்தான். ஊர் இருந்த காலத்தில் அவருடைய அப்பாவும் பிரிஸ்காவின் அப்பாவும் ஒரே கட்டுமரத்தில் போயிருக்கிறார்கள். அவள் சொன்னதை அவர் குறுக்கிடாமல் கேட்டார். பேனாவின் மூடியைக் கழற்றுவதும் போடுவதுமாக இருந்தார்.

"எனக்கு ரெண்டு வருசமாத் தெரியும்" என்றார் கடைசியில்.

அவள் எதிர்பார்த்து வந்த பதில் அது இல்லை. மறுப்பார், கத்துவார், வேலையை விட்டு நிறுத்துவார் என்றெல்லாம் வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்திருந்தாள்.

"அண்ணன் செத்தப்பவும் தெரியுமா?"

"அப்ப உறுதியாத் தெரியாது. செத்த பொறகு தெரிஞ்சுது." அவர் தலையைத் தூக்கவில்லை. "ஒங்க அம்மா அழுத அழுகைக்கு, ஜெபத்துல போனான்னு சொன்னா ஆறுதலா இருக்கும்னு சாமியார்ட்ட நாந்தான் சொன்னேன்."

"தெரிஞ்ச பொறகு மேலிடத்துக்கு எழுதியிருக்கலாம்லா" என்றாள் பிரிஸ்கா.

"எங்க எழுதச் சொல்லுத? நாலு தடவ எழுதிட்டேன்" என்றார் ஞானராஜ். இழுப்பறையைத் திறந்து ஒரு தாளை எடுத்து அவள் பக்கம் தள்ளினார். "பதிலுக்கு இதுதான் வந்துச்சு."

அது ஆள் எடுக்கும் அறிவிப்பு. வழிகாட்டிப் பணிக்கு விண்ணப்பிப்பவர்களின் தகுதிகள் வரிசையாக இருந்தன. தமிழும் இந்தியும் பேசத் தெரிய வேண்டும். நீச்சல் தெரிய வேண்டும். குறைந்தபட்ச உயரம் ஐந்தடி ஒன்பது அங்குலம்.

"நான் சேரும்போது அஞ்சடி நாலுதான் போட்டிருந்துச்சு" என்றாள்.

"அதுக்கு முன்னாடி உயரமே போடல. காரணம் என்னன்னு கேட்டேன். படத்துல பாக்க நல்லாருக்கும்னு சொன்னாங்க." அவர் தாளைத் திருப்பி வாங்கி, மடித்து உள்ளே வைத்தார். "அடுத்த மாசத்துலருந்து நாலரை அடிக்குக் கொறஞ்ச பிள்ளைகளைக் கூட்டி வரக் கூடாதுன்னும் வந்திருக்கு."

"மேலிடத்துக்கு அவ்வளவும் தெரிஞ்சிருக்கு."

"தெரியாம இல்ல."

"நாம எல்லாரும் போயிருவோம் ஞானண்ணே. ஊரே கெளம்பிப் போயிருவோம்."

"எங்க?" என்று அவர் கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை. நிஜமாகவே அவள் ஏதாவது ஊர்ப் பெயர் சொல்வாள் என்பதுபோல அவள் முகத்தைப் பார்த்தார். "போன தை மாசம் மூணு குடும்பம் போச்சுல்லா. கரையில மண்டபம்ங்கிற ஊருக்கிட்ட முகாம்ல இருக்காங்க. கூடாரத்துக்குள்ள முட்டளவு கடத்தண்ணி. கூப்பிட்டா வந்துருதோம்னு எனக்குப் போன் பண்ணுதாங்க. அந்த வீடுகளுக்கு வேற ஆளு வந்தாச்சு."

சுவரில் மின்விசிறி சுழன்றது. ஞானராஜ் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றார்.

"ஒனக்கு வேணும்னா துறைமேடையில சீட்டு கிழிக்கிற வேலை தாரேன். குகைக்குள்ள போக வேண்டாம்."

"அப்ப குகைக்கு யாரு போவா?"

"ஒன் உயரத்துக்கு இந்தத் தீவுல ஒன்னையும் சேத்து மூணு பேருதான் இருக்காங்க. ஆரோக்கியத்துக்குக் காலு ஒடிஞ்சு கெடக்கு. மிச்சம் ஜெனிட்டா. அவ இப்ப முழுகாம இருக்கா."

பிரிஸ்கா வெளியே வந்தாள்.

கீழ்க்குடாவுக்கு இறங்கும் பாதை ஒரு கிலோமீட்டர். அன்றைக்கு ஒவ்வொரு திருப்பத்திலும் அவள் நின்றாள். மேலே குகை வாய் இருந்த இடத்தையும் கீழே வீடுகள் இருந்த இடத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். மழைக்காலத்தில் மலைத்தண்ணீர் எந்த வழியாக ஊருக்குள் வரும் என்று அவளுக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தின் பின்பக்கம் வந்து, கோயில் மைதானத்தில் தேங்கி, அப்புறம் மூன்றாவது வரிசை வீடுகளுக்குள் நுழையும். அவள் வீடு மூன்றாவது வரிசையில் இருந்தது.

புருசனிடம் எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டே நடந்தாள். சூசை கிணற்றடியில் குழாய் ஃபிட்டராக இருந்தான். அவன் பொருத்திய குழாய் வழியாகத்தான் எல்லாம் உள்ளே போயிற்று. கேட்டால் உடைந்துபோவான் என்று நினைத்தாள். மகள் அனிலாவுக்கு ஆறு வயது. அவளுக்கு எதிரில் சொல்லக் கூடாது.

வீட்டை அடைந்தபோது மாலைச் சூரியன் இன்னும் கடலுக்கு மேலே இருந்தது. அனிலா வாசலில் பக்கத்து வீட்டுப் பிள்ளையோடு சிப்பி விளையாடிக்கொண்டிருந்தாள். உள்ளே சூசை மகளின் கட்டிலுக்கு அருகில் வேர்த்து விறுவிறுத்து நின்றான். தரையில் நான்கு சிமெண்டுக் கற்கள் இருந்தன. பள்ளிக்கூடத்துக்குச் சுற்றுச்சுவர் கட்டக் கொண்டுவந்து, கட்டாமலே போட்டுவைத்த கற்கள்.

"வந்துட்டியா? நல்லதாப் போச்சு. இந்தப் பக்கம் கொஞ்சம் தூக்கு" என்றான்.

கட்டிலின் ஒவ்வொரு காலுக்கும் அடியில் ஏற்கனவே மூன்று கற்கள் இருந்தன. அந்த வரிசையில் எல்லா வீட்டிலும் அப்படித்தான். தரையில் ஈரம் ஏறுகிறது என்று சொல்லித்தான் எல்லோரும் வைத்தார்கள். அவளும் அப்படித்தான் நம்பியிருந்தாள். மேல்வரிசை வீடுகளில் ஒரு கல், இரண்டாவது வரிசையில் இரண்டு. கடைக்கோடியில், மைதானத்தை ஒட்டியிருந்த ராயப்பன் வீட்டில் பிள்ளைகளுக்காகப் பரணே கட்டியிருந்தார்கள். வலை வைக்க என்று ராயப்பன் சொல்லியிருந்தான். அவன் கடைசியாகக் கடலுக்குப் போய் ஏழு வருடங்கள் ஆகின்றன.

பிரிஸ்கா கட்டிலைத் தொடவில்லை.

"இது ஈரத்துக்கு இல்ல" என்றாள்.

சூசை நிமிர்ந்தான். அவள் முகத்தைப் பார்த்ததும் அவனுக்குப் புரிந்துவிட்டது. கையிலிருந்த கம்பியை மெதுவாகச் சுவரில் சாய்த்தான்.

"யாரு சொன்னா?"

"ஒருத்தங்க வந்திருந்தாங்க. ஒங்களுக்கு எப்பத்துலருந்து தெரியும்?"

"மச்சான் செத்ததுலருந்து. நாந்தான தூக்கிட்டு வந்தேன். குனிஞ்சப்ப எனக்கும் மூக்குல காரம் ஏறுச்சு."

"ஊருக்கே தெரியுமா?"

"யாரும் யார்ட்டயும் சொல்லல. ராயப்பன் மொதல்ல கல்லு வெச்சான். நான் என்னத்துக்குன்னு கேக்கல. மறுநாள் நானும் வெச்சேன். எதிர்வீட்டுக்காரன் என்ட்டக் கேக்கல."

"எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்லா."

"நீ தெனமும் உள்ள போறவ. தெரிஞ்சுட்டா போக முடியுமா? நீ போகாட்டி இந்த வீடு இருக்குமா?" அவன் முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டான். துடைத்தபின்னும் துண்டை எடுக்காமல் சிறிது நேரம் அப்படியே நின்றான். "கோழி மூணு செத்துக் கெடந்துச்சு இன்னைக்குக் காலைல. கூண்டுக்குள்ள. அதான் நாலாவது கல்லு."

வெளியே அனிலா எண்ணிக்கொண்டிருந்தாள். பதினேழு வரை வந்து மறந்துபோய், மறுபடியும் ஒன்றிலிருந்து தொடங்கினாள்.

பிரிஸ்கா கட்டிலின் தலைமாட்டுப் பக்கம் போய், இரண்டு கைகளாலும் சட்டத்தைப் பிடித்துத் தூக்கினாள். சூசை குனியாமல், குந்தாமல், கல்லின் துளையில் கம்பியை மாட்டித் தூக்கி, கட்டில் காலுக்கு அடியில் இருந்த மூன்று கற்களுக்கு மேலே ஏற்றினான். அந்த வேலையை அவன் பழகியிருந்தது தெரிந்தது. ஒரு கால், அப்புறம் அடுத்தது. நான்கும் முடிந்ததும் கட்டில் அவள் நெஞ்சு உயரத்துக்கு வந்திருந்தது. அவள் சட்டத்தைப் பிடித்து அசைத்துப் பார்த்தாள். லேசாக ஆடியது.

"இன்னொண்ணு வெக்கலாமா?" என்று கேட்டாள்.

"வேண்டாம். அஞ்சு வெச்சா நிக்காது. அனிலா தூக்கத்துல புரளுதா. விழுந்துட்டான்னா..." அவன் தரையைப் பார்த்தான்.

பிரிஸ்கா கொடியிலிருந்து தன்னுடைய பழைய நூல்சேலை ஒன்றை உருவினாள். அதை நீளவாக்கில் இரண்டாகக் கிழித்து, கட்டிலின் இரண்டு பக்கமும் தலைமாட்டிலிருந்து கால்மாட்டுவரை தடுப்பாக இழுத்துக் கட்டத் தொடங்கினாள். சூசை மறுமுனையைப் பிடித்துக்கொண்டான். முதல் முடிச்சு தளர்வாக இருந்தது. அவிழ்த்து, இன்னும் இறுக்கிப் போட்டாள்.